மஞ்சுமதிலைத் தாண்டிய வருஷம்

மஞ்சுக்கானத்துக் குளத்தில் மினுக்கன் என்கிற நீர்நாய் குடியிருந்தான். நீல வெயில் அடிக்கிற காடு அது. காட்டைச் சுற்றி நாலு பக்கமும் வெள்ளை மூடுபனி கலையாமல் நிற்கும். அதற்கு மஞ்சுமதில் என்று பேர். அதற்குள் போனவர் யாரும் அந்தப் பக்கம் போய்ச் சேர்ந்ததே இல்லை. நடந்து நடந்து கால் ஓய்ந்து, கடைசியில் புறப்பட்ட குளத்தங்கரையிலேயே வந்து நிற்பார்கள். பறந்து போன பறவைகளுக்கும் அதே கதிதான்!

அந்தக் காட்டில் வருஷத்துக்கு எண் கிடையாது. அந்த வருஷம் என்ன கண்டுபிடித்தார்களோ அதுதான் பேர். காட்டெலி ஒரு இனிப்புக் கிழங்கைத் தோண்டி எடுத்தது, அது எலிக்கிழங்கு வருஷம் ஆயிற்று. இதைக் கேட்டதிலிருந்து மினுக்கனுக்குத் தூக்கமே இல்லை. "ஒரு எலிக்கு வருஷம் இருக்கு, எனக்கு இல்லையா? நீர்நாய் வருஷம்னு ஒண்ணு வந்தே தீரணும்!"

அப்போது பார்த்து மழை ஏமாற்றிவிட்டது. குளம் வற்றிச் சேறானது. மினுக்கனின் குட்டிகள் அந்தச் சேற்றில் புரண்டு, "அப்பா, தண்ணி எங்கப்பா?" என்று அழுதன. காய்ந்துபோன அந்தச் சின்ன மூக்குகளைப் பார்த்துவிட்டு மினுக்கன் மஞ்சுமதில் பக்கம் திரும்பினான்.

"மதிலுக்கு அந்தப் பக்கம் தண்ணி இருந்தா? நானே கண்டுபிடிச்சா? பிள்ளைகளும் பிழைக்கும், வருஷமும் என் பேர்ல வரும்!"

யாரிடமும் மூச்சு விடவில்லை. சொன்னால் பேரில் பங்குக்கு வந்துவிடுவார்களாம்! ஓசைப்படாமல் பனிக்குள் நழுவினான். நடந்தான், நடந்தான். கடைசியில் எங்கே வந்து நின்றான்? அதே சேற்றுக் குளத்தில்தான்.

அங்கே கத்தாயி உட்கார்ந்திருந்தாள். ஆள்காட்டிக் குருவி. இலை அசைந்தாலே ஊரைக் கூட்டுகிற பிறவி.

"வந்துட்டாரு! வந்துட்டாரு! மினுக்கண்ணன் மதிலுக்குள்ள போயிட்டு வந்துட்டாரு!"

காடே சிரித்தது. மினுக்கனுக்கு மானம் போயிற்று. "உன் வாயைத் தைக்க ஆளில்லையா?" என்று பல்லைக் கடித்தான்.

மறுபடி புறப்பட்டான். இந்தத் தடவை கத்தாயி முன்னாலேயே பார்த்துவிட்டாள். "போறாரு! போறாரு! மினுக்கண்ணன் திரும்பவும் போறாரு!"

அந்தச் சத்தம் காதில் விழக்கூடாது என்று மினுக்கன் ஓடினான். அது துரத்தத் துரத்த, அதற்கு முதுகைக் காட்டி இன்னும் வேகமாக ஓடினான். காலடியில் பச்சைக் கோரை தட்டுப்பட்டது. ஈரக்காற்று வீசியது. தண்ணீரின் வாசனை! அந்த நேரம் பார்த்துக் கத்தாயி பூச்சி பிடிக்கப் போய்விட்டாள். சத்தம் நின்றது. சிறிது நேரத்தில் மினுக்கன் பழைய குளத்துக்கே வந்து சேர்ந்தான். வாயில் மட்டும் ஒரு பச்சைக் கோரை இருந்தது.

உட்கார்ந்து யோசித்தான். அடடா! பனிக்குள்ளே போனால் நேராகப் போகிறோம் என்று நினைத்துக்கொண்டு எல்லாரும் வட்டம் போடுகிறார்கள். சத்தம் முதுகுக்குப் பின்னால் இருந்தவரைக்கும் நான் நேராகப் போயிருக்கிறேன்!

வழி தெரிந்துவிட்டது. ஆனால் கத்தாயி கத்தினால்தான் அந்த வழி. அவளிடம் சொன்னால் ஊருக்கே சொன்ன மாதிரி. பேர்? அவன் திரும்பிப் பார்த்தான். கடைக்குட்டி சேற்றை நக்கிக்கொண்டிருந்தது.

மினுக்கன் நேராகக் கத்தாயி முன்னால் போய் நின்றான். "தாயி, உன்னை வையாத வசவு இல்லை. மன்னிச்சுக்கோ. எனக்காக விடாமக் கத்தணும். கத்துவியா?"

"கத்தச் சொல்லி என்கிட்ட கேக்குறீங்களா!" என்று குதித்தாள் கத்தாயி. "தொண்டை கிழிஞ்சாலும் நிறுத்த மாட்டேன், போங்கண்ணே!"

அவள் கத்தினாள். அவன் போனான். மதிலுக்கு அப்பால் நுரை தள்ளி ஓடியது ஒரு பெரிய ஆறு! கண்ணீர் பொங்க, அதே சத்தத்தைப் பிடித்துக்கொண்டு திரும்பி வந்து எல்லாரையும் அனுப்பினான். ஊர்ப் பெரியவர் ஆமையார், எலிகள், கொக்குகள் என்று காடே அவள் குரலுக்கு முதுகு காட்டி நடந்தது. மினுக்கனும் குட்டிகளோடு அக்கரை சேர்ந்தான். குட்டிகள் தொபுக்கென்று தண்ணீரில் விழுந்தன.

கத்தாயி மட்டும் வரவில்லை. அவள் வருவதற்கு யார் குரல் கொடுப்பார்கள்?

மினுக்கனுக்குப் பகீரென்றது. பனியின் ஓரத்துக்கு ஓடினான். "கத்தாயி! இங்க வா தாயி! இந்தப் பக்கம்!" தண்ணீர்கூடக் குடிக்காமல் கத்தினான், கத்தினான். குரல் கட்டி, வெறும் காற்றாகப் போகும் நேரத்தில் பனியைக் கிழித்துக்கொண்டு வந்து விழுந்தாள் கத்தாயி.

"அப்பப்பா! என்ன சத்தம் இது? காது வலிக்குது!" என்றாள். மினுக்கன் அழுதுகொண்டே சிரித்தான்.

ஆமையார் கழுத்தை நீட்டினார். "ஆக, இது நீர்நாய் வருஷம். சரிதானே மினுக்கா?"

மினுக்கன் வாயைத் திறந்தான். குரல் வரவில்லை. தலையை ஆட்டி மறுத்துவிட்டு, முன்னங்காலால் கத்தாயியைக் காட்டினான்.

பிறந்ததிலிருந்து முதல் தடவையாகக் கத்தாயிக்குப் பேச்சு வரவில்லை.

அந்த வருஷத்துக்குக் குரல் வருஷம் என்று பேர் வைத்தார்கள்.

தெரிந்ததை ஒளித்து வைக்கிறவன் புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வருவான். வாய்விட்டுத் துணை கேட்கிறவனே அக்கரை சேருவான்.