உள்ளே போகாத பந்து

"என் பந்து உள்ளே போக மாட்டேங்குது, சென்செய்."

வந்தவன் வணக்கம்கூடச் சொல்லவில்லை. தோட்டத்து வாசலில் பையைப் பொத்தென்று போட்டான். இதைச் சொன்னான்.

ஜப்பானில் குருவை சென்செய் என்பார்கள். ஆனால் வந்தவன் ஜப்பான்காரன் இல்லை. பேர் ஜுராந்திர். ஊர் பிரேசில்.

பிரேசில்காரனுக்குப் பந்து என்றால் காலால் உதைப்பது. இவனுக்கு மட்டும் கையால் எறிவது. இவன் வீட்டை ஒட்டி, அங்கே போய்க் குடியேறிய ஜப்பான்காரர்களின் பேஸ்பால் மைதானம் இருந்தது. வேலி தாண்டி விழுந்த பந்தை ஒரு நாள் எடுத்துத் திருப்பி எறிந்தான். அந்த வேகத்தைப் பார்த்து மைதானமே வாயைப் பிளந்தது. பதினெட்டு வயதில் விமானம் ஏற்றி ஜப்பானுக்கு அனுப்பிவிட்டார்கள்.

சும்மா சொல்லக் கூடாது, பையன் எறிந்தால் பந்து வருவதே தெரியாது. பெரிய கிளப், நல்ல சம்பளம், பேப்பரில் படம்.

எல்லாம் போன வருஷம் வரைதான்.

"உள்ளே போகலைன்னா, வெளியே போடு" என்றார் குரு.

"வெளியே மட்டும் போட்டா எவன் பயப்படுவான்?"

அது சரிதான். கிரிக்கெட் மாதிரி இதில் பந்து தரையில் குத்தி வராது. கையிலிருந்து நேரே வரும். மட்டைக்காரன் உடம்பை உரசுகிற மாதிரி உள்ளே ஒரு பந்து போட்டால்தான் அவன் ஓர் அடி பின்வாங்குவான். அதைப் போட முடியாத பிட்ச்சரின், அதாவது எறிகிறவனின், பந்தைச் சின்னப் பையன்கூட அடிப்பான்.

"மாசக் கடைசி வரைக்கும் டைம் குடுத்திருக்காங்க. அதுக்குள்ள உள்ளே போடலைன்னா டிக்கெட் எடுத்து ஊருக்கு அனுப்பிடுவாங்க. எனக்கு வேற தொழில் தெரியாது, சென்செய். இந்தக் கை ஒண்ணுதான்."

"இங்க வரச் சொன்னது யாரு?"

"கிளப்புல கை பிடிச்சு விடுறவர். பிட்ச்சருக்கு என்ன கோளாறுன்னாலும் மலைமேல ஆரஞ்சுத் தோட்டத்துக்குப் போ, சென்செய்னு கேட்டாப் போதும்னார்."

குரு என்றால் நரைத்த தாடி இருக்கும் என்று நினைத்துக்கொண்டு வந்திருந்தான். குரலைக் கேட்டால் இவன் வயதுதான் இருக்கும் போலிருந்தது. முகத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்ளலாமே என்று கேட்பீர்கள். போன வருஷத்திலிருந்து அவன் எவர் முகத்தையும் நேரே பார்ப்பதில்லை. ரப்பர் பூட்ஸைப் பார்த்தான். கையிலிருந்த கத்தரிக்கோலைப் பார்த்தான். அவ்வளவுதான்.

"எறி, பாக்கலாம்" என்றார் குரு.

இரண்டு வரிசை மரங்களுக்கு நடுவே குரு கையுறை மாட்டி, பந்தைப் பிடிக்கிற கேட்ச்சர் மாதிரி குந்தினார். பின்னால் காக்கைக்குக் கட்டிய பழைய வலை தொங்கியது.

ஜுராந்திர் எறிந்தான்.

பந்து எங்கேயோ ஒதுங்கிப் போய் ஒரு மரத்தில் மோதியது. பொலபொலவென்று ஆரஞ்சு உதிர்ந்தது.

குரு எழுந்து போய் ஒன்றைப் பொறுக்கினார். உரித்தார். தின்றார்.

"இனிப்பா இருக்கு. அடுத்தது."

அடுத்தது அடுத்த மரத்தில்.

வெயில் சாயும் வரை இதே கதை. எறிவான், உதிரும், தின்பார்.

"உன்னால எனக்கு ஒரு சௌகரியம்ப்பா" என்றார் குரு. "பறிக்கிற வேலை மிச்சம்."

ஜுராந்திருக்குச் சுருக்கென்றது. "நான் இவ்ளோ தூரம் வந்தது உங்க கிண்டலுக்கா?"

"கோவிச்சுக்காதே. இப்ப கடைசியா எறிஞ்சியே, அப்போ என் கையில என்ன இருந்துச்சு?"

"கையுறை."

"கையுறை அதோ தரையில கிடக்கு. ரெண்டு கையையும் தலைக்கு மேல தூக்கி ஆட்டிக்கிட்டு இருந்தேன்."

ஜுராந்திர் தரையைப் பார்த்தான். கையுறை கிடந்தது.

"அதுக்கு முந்தின பந்துக்கு நாக்கைத் துருத்திக் காட்டினேன். அதுக்கும் முந்தி, நான் இங்க இல்லவே இல்ல. எந்திரிச்சு அந்த மரத்துக்குப் பின்னால போயிட்டேன்."

"பொய்!"

"கண்ணை மூடிக்கிறே. காலைத் தூக்கின உடனே இறுக்கி மூடிக்கிறே, பந்து விழுந்து சத்தம் கேட்டப்புறம்தான் திறக்கிறே. அட பாவி மனுஷா, கண்ணை மூடிக்கிட்டு எறியறவனுக்கா அவ்வளவு சம்பளம் குடுத்தாங்க!"

ஜுராந்திருக்குத் தூக்கிவாரிப் போட்டது. கிளப்பில் அவன் பந்தின் வேகத்தை அளந்தார்கள். தோளைப் படம் எடுத்தார்கள். முழங்கையில் ஊசி போட்டார்கள். கண்ணை ஒரு ஆள்கூடப் பார்க்கவில்லை. அவனுக்கே தெரியவில்லை.

"எப்போலேருந்து?" என்றார் குரு.



"ஒருத்தனை அடிச்சிட்டேன்."

"ம்."

"உள்ளே போட்ட பந்து. கை வழுக்கிடுச்சு. நேரா முகத்துல. ஹெல்மெட்டுக்குக் கீழே, கண்ணுல." அவன் காதைப் பொத்திக்கொண்டான். "அந்தச் சத்தம் போக மாட்டேங்குது, சென்செய்."

"அவன் பேராவது தெரியுமா?"

"இவாசாக்கி. எதிர் டீமோட கேட்ச்சர்."

"முகம்?"

"தெரியாது. கேட்ச்சருக்கு எப்பவும் முகத்துல கம்பிக் கூண்டு. மட்டை பிடிக்க வந்தா ஹெல்மெட்."

"விழுந்தப்போ பாத்திருப்பியே."

"அடிபட்டா எறிஞ்சவன் தொப்பியைக் கழட்டித் தலை குனியணும். உங்க ஊர் மரியாதை அதுதானே. குனிஞ்சேன். நிமிர்றதுக்குள்ள ஸ்ட்ரெச்சர் போயிடுச்சு."

"ஆஸ்பத்திரிக்குப் போனியா?"

"கிளப்புலேருந்து என் பேர் போட்டுப் பழக்கூடை அனுப்பினாங்க."

"நீ போனியா?"

"இல்ல."

குரு சுளையை வாயில் போட்டு மென்றார். கொட்டையைத் துப்பினார்.

"கூடையில என்ன பழம்?"

"நான் எங்க கண்டேன்? கிளப்புல வாங்கினது."

"ரெண்டு முலாம்பழம்" என்றார் குரு. "அதுல ஒண்ணு அழுகல்."

ஜுராந்திருக்கு முதலில் புரியவில்லை.



குரு ஆள்காட்டி விரலை மடக்கினார். தன் இடது கண்மேல் நகத்தால் தட்டினார்.

டிக். டிக்.

கண்ணாடிக் கண்.

ஐயோ! அதன் பிறகு அவன் நின்ற நிலையை என்னவென்று சொல்ல? பேயறைந்தவன் பிழைத்துக்கொள்வான். கை தானாகத் தொப்பிக்குப் போயிற்று.

"தொப்பியில கை வச்சே, கையை ஒடிச்சிடுவேன்!"

மலையே அதிர்ந்த மாதிரி ஒரு கத்தல்.

"குனிஞ்சதெல்லாம் போதும். நிமிர்ந்து பாரு."

ஜுராந்திர் நிமிர்ந்தான். ஒரு வருஷத்துக்குப் பிறகு முதல் தடவையாக ஒரு முகத்தைப் பார்த்தான். தாடையில் சின்ன மச்சம். உதட்டோரத்தில் ஆரஞ்சு நார் ஒட்டியிருந்தது. வலது கண் கலங்கியிருந்தது. இடது கண் சும்மா இருந்தது.

"உங்களுக்கு என்மேல கோபம் இல்லையா?"

"இல்லாம? ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டு தினமும் உன் கழுத்தை நெரிச்சேன். மனசுக்குள்ளதான்."

"இப்போ?"

"இப்போவா? இங்கேயே நில்லு. வரேன்."

குரு கொட்டகைக்குள் போனார். மட்டையோடு திரும்பி வந்தார்.

சரி, மண்டை பிளக்கப் போகிறது என்று ஜுராந்திர் முடிவு பண்ணிவிட்டான். ஓடவில்லை. ஓடத் தோன்றவும் இல்லை. வாங்கிக்கொள்ளலாம் என்றிருந்தது அவனுக்கு.

குரு அவனைத் தாண்டிப் போனார். வலைக்கு முன்னால் மட்டைக்காரன் நிற்கிற இடத்தில் போய் நின்றார். காலை அகட்டினார். மட்டையைத் தூக்கினார்.

தலையில் ஹெல்மெட் இல்லை.

இடது பக்கம் பிட்ச்சரைப் பார்த்து இருந்தது. கண்ணாடிக் கண் பக்கம்.

"உள்ளே போடு."

"சென்செய்!"

"உள்ளேன்னு சொன்னேன். நெஞ்சை உரசுற மாதிரி."

"உங்களுக்கு அந்தப் பக்கம் தெரியாது!"

"தெரியாதுதான். வலது கண்ணுக்குத் தட்டுப்படறதுக்குள்ள பந்து வந்து சேர்ந்துடும்."

"தப்பிடுச்சுன்னா? இன்னொரு தடவை என் கை வழுக்கிடுச்சுன்னா?"

"வழுக்கினா வழுக்கும். அதை நீயாவது பாரு. போன தடவை நான் பந்தைப் பாக்கல, நீ என்னைப் பாக்கல."

ஜுராந்திர் பந்தை எடுத்தான். உள்ளங்கை வேர்த்தது. சட்டையில் துடைத்தான். மறுபடி வேர்த்தது.

முகத்தைப் பார்த்தான். மச்சத்தைப் பார்த்தான். கீழே பார்வை போனபோது இன்னொன்றையும் பார்த்தான். ரப்பர் பூட்ஸுக்குள் குருவின் கால் வெடவெடவென்று ஆடிக்கொண்டிருந்தது.

"உங்களுக்குப் பயமா இருக்கா?"

"உயிரே போகுது. அன்னைக்கு அப்புறம் இன்னைக்குத்தான் மட்டையைத் தொடுறேன். பேசிக்கிட்டே நிக்காதே, போட்டுத் தொலை!"

ஜுராந்திர் காலைத் தூக்கினான்.

கை சுழன்றது. இமை துடித்தது. மூடவில்லை.

விரல் நுனியை விட்டுப் பந்து பிரிவதைப் பார்த்தான். அது மச்சத்துக்குக் கீழே, சட்டைப் பித்தானுக்கு ஒரு சாண் முன்னால், காற்றைக் கிழித்துக்கொண்டு போவதைப் பார்த்தான். சட்டை படபடத்ததைப் பார்த்தான். பின்னால் வலை தடாலென்று குலுங்கியதைப் பார்த்தான்.

ஒரு ஆரஞ்சுகூட உதிரவில்லை.

குரு மட்டையைத் தூக்கியபடியே சிலை மாதிரி நின்றார்.

"எங்கப்பா போச்சு?" என்றார். "நான் கண்ணை மூடிட்டேன்."