கண்ணாடிக்குண்டு துரை

சீமையில் பிறந்து, கப்பலேறி, நம் பக்கம் உத்தியோகத்துக்கு வந்த கண்ணாடிக்குண்டு ஒன்று இருந்தது. மேசையில் காகிதம் பறக்காமலிருக்க மேலே வைப்பார்களே, அந்தக் குண்டு. வழவழப்பான மேனி, உருண்ட தலை, தட்டையான அடி. அதை ஒரு ஜில்லாக் கச்சேரியின் பெரிய மேசையில் உட்கார்த்தினார்கள். உட்கார்ந்த அன்றைக்கே அது 'அவர்' ஆகிவிட்டது. நாமும் அப்படியே சொல்லிவிட்டுப் போவோம், வம்பு எதற்கு?

துரைக்குத் தெரிந்த வேலை ஒன்றே ஒன்று, உட்காருவது. எந்தக் காகிதம் வந்தாலும் அதன்மேல் உட்கார்ந்துவிடுவார். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று அவர் பார்த்ததே கிடையாது. இத்தனைக்கும், அவருக்கு அடியில் இருக்கிற எழுத்து மேலிருந்து பார்க்கிறவர்களுக்கு இரண்டு பங்கு பெரிதாகத் தெரியும். கண்ணாடி அல்லவா? அவர் ஒருவருக்குத்தான் தெரியாது. குனிந்து பார்க்கிற பழக்கம் அவருக்கு இல்லை.

ஆடி மாதம் பூவாலங்குடியிலிருந்து ஒரு மனு வந்தது. ஏரி மதகில் விரிசல் கண்டிருக்கிறது, ஐப்பசி மழைக்குள் அடைக்காவிட்டால் கரை உடைந்து ஊரே போய்விடும், சீக்கிரம் ஆள் அனுப்ப வேண்டும் என்று ஊரார் கூடி எழுதியிருந்தார்கள். கிடைத்தது ஒரே ஒரு தாள் போலிருக்கிறது. இந்த விளிம்பிலிருந்து அந்த விளிம்பு வரை நெருக்கி நெருக்கி எழுதியிருந்தது.

"ஓரம் எங்கே?" என்றார் துரை.

"என்ன ஓரம், தொரை?" என்றது மனு.

"இடதுபுறம் கால் பங்கு வெறுமையாக விட வேண்டும். மேலதிகாரிகள் குறிப்பு எழுத இடம் வேண்டாமா?"

"மதகுல ரெண்டு விரலு உள்ள போற அளவுக்கு வெடிச்சுக் கெடக்குது, தொரை."

"அது இருக்கட்டும். ஓரம் எங்கே?"

பக்கத்தில் நின்ற பேனாவுக்கு உத்தரவாயிற்று. 'ஓரம் விட்டு எழுதி மறுபடி அனுப்பவும்' என்று அது எழுதியது. மனு ஊருக்குத் திரும்பிப் போனது. வேறு தாள் தேடி, ஓரம் விட்டு எழுதி, கச்சேரிக்கு வந்து சேர்வதற்குள் புரட்டாசி பிறந்துவிட்டது.

"இப்ப முழுக் கையே உள்ள போவுது, தொரை. ஓரமும் விட்டாச்சு. எஞ்சினீர் ஐயாகிட்ட தள்ளி விட்டுருங்க."

"முறைப்படி இருக்கிறது. மகிழ்ச்சி" என்று சொல்லி, துரை அதன்மேல் உட்கார்ந்தார். சரியாக 'சீக்கிரம்' என்ற சொல்லின்மேல்.

எஞ்சினீருக்குப் போகிற காகிதங்களைப் போடும் கூடை அந்த மேசைக்குக் கீழேயே இருந்தது. ஒரு முழம் நகர்ந்தால் மனு அதில் விழுந்துவிடும். ஒரே ஒரு முழம்! அந்த ஒரு முழத்தில் ஒரு ஊரின் உயிர் தொங்கிக்கொண்டிருந்தது.

மேலே கூரையில் தொங்கிய பங்காவுக்கு மட்டும் அந்தச் 'சீக்கிரம்' பெரிதாகத் தெரிந்தது. கயிற்றை இழுக்க இழுக்க ஆடுகிற துணி விசிறி அது. அதற்கு மனம் கேட்கவில்லை.

"அண்ணே, கொஞ்சம் வேகமா வீசுங்க. எப்படியாவது பறந்துர்றேன்" என்றது மனு.

"வீசுறேன் தாயி. எனக்கென்ன, கயிறு அறுந்தா அறுந்துட்டுப் போவுது."

பங்கா தன்னால் ஆன மட்டும் வீசியது. மற்ற மேசைகளில் காகிதங்கள் எழும்பி அறையெங்கும் பறந்தன. இந்த மேசையில் மனுவின் ஓரம் மட்டும் படபடத்தது. குறிப்பு எழுதவென்று விட்ட அந்த வெறும் ஓரம்தான்.

அன்றைக்கென்று பார்த்து, சென்னையிலிருந்து ஒரு மேலதிகாரி கச்சேரியைப் பார்வையிட வந்தார். எங்கு பார்த்தாலும் காகிதம் பறக்கிறது, குமாஸ்தாக்கள் துரத்துகிறார்கள். பெரிய மேசையில் மட்டும் ஒரு தாளும் பறக்கவில்லை. "இதல்லவா நிர்வாகம்!" என்று வாய்விட்டுச் சொன்னார்.

"ஐயா, அடியில என்ன இருக்குன்னு பாருங்க!" என்று பங்கா கத்தியது. பங்கா பேசினால் 'கிறீச்' என்றுதான் கேட்கும். "இதற்கு எண்ணெய் போடுங்கள்" என்று சொல்லிவிட்டு மேலதிகாரி போய்விட்டார்.

ஐப்பசி பிறந்தது. மழை மூன்று நாள் விடவில்லை. சன்னல் வழியே சாரல் அடித்து மேசை நனைந்தது, மனுவும் நனைந்தது. துரை அசையவில்லை. நான்காம் நாள் உச்சிப்பொழுதில் செய்தி வந்தது. பூவாலங்குடி ஏரி உடைந்துவிட்டது. பதினேழு பேர் செத்துப் போனார்கள். ஆடுமாடுகளுக்குக் கணக்கே இல்லை.

அதே தபாலில் துரைக்குச் சென்னைக் கோட்டைக்கு மாற்றல் உத்தரவும் வந்தது. பதவி உயர்வுதான், வேறென்ன?

கிளம்புவதற்காக அவரைத் தூக்கினார்கள். ஈரத்தில் ஒட்டிக்கொண்டிருந்த மனு கிழிந்தது. ஒரே ஒரு சொல் மட்டும் பிய்ந்து அவர் அடியோடு போய்விட்டது. கடைசியில் மனுவுக்கு விடுதலை கிடைத்தது, நடுவில் ஒரு ஓட்டையோடு.

"இப்பவாவது ஒரு பதில் சொல்லுங்க தொரை" என்றது அது.

போகிற போக்கில் துரை சொன்னார், பேனா அந்த ஓரத்தில் எழுதியது: 'ஏரி தற்போது இல்லாதபடியால், மதகைச் செப்பனிடும் கேள்வி எழவில்லை.'

இதைக் கேட்டு நமக்கு வயிறு எரிகிறது. அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. எரிவதற்கு உள்ளே ஏதாவது இருக்க வேண்டுமே.

கோட்டையில் இன்னும் பெரிய மேசை, இன்னும் உயரமான காகிதக் கட்டுகள். எல்லாவற்றின்மேலும் அதே உட்காரல்தான். ஒரு பஞ்சத்தின்மேல் இரண்டு வருஷம் உட்கார்ந்தார். அதற்காக அவர் இடுப்பைச் சுற்றித் தங்கப் பூண் போட்டு, 'சர்' பட்டமும் கொடுத்தார்கள். கடைசியில், 'தமது காலத்தில் ஒரு தாளையும் பறக்கவிடாதவர்' என்று பாராட்டு வாசித்து, லண்டனுக்கு அனுப்பிவைத்தார்கள்.

அங்கே ஒரு வரவேற்பறை அலமாரியில், வெல்வெட்டுத் துணியின்மேல் வாசம். விருந்துக்கு வந்த சீமாட்டிகள் குனிந்து பார்ப்பார்கள். "அடியில் என்ன அழகான கொடி! இந்தியப் பூவேலை எவ்வளவு நுணுக்கம்!" என்பார்கள். துரைக்குப் பெருமை தாங்காது.

அதே அலமாரியில் ஒரு கும்பகோணம் செம்பு இருந்தது. வாயில் நாலு ரோஜாப் பூவைச் செருகி அதையும் அலங்காரமாக்கியிருந்தார்கள். ஒருநாள் அது கேட்டது.

"ஏன் தொரை, ஒங்க அடியில எழுதியிருக்கறது பூ இல்லையே. தமிழ் எழுத்தில்ல அது?"

"எழுத்தா?" துரை திடுக்கிட்டார். "என்னவென்று எழுதியிருக்கிறது?"

"சீக்கிரம்னு போட்டிருக்கு."

குண்டு லேசாக ஆடியது போலிருந்தது. இத்தனை வருஷம் கழித்தாவது உறைத்துவிட்டது, அழப்போகிறார் என்றே செம்பு நினைத்தது.

துரை தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

"எழுத்து மூலமாகக் கொடு. ஓரம் விட்டு."