முதுகு காட்டிய கற்காவலன்

முன்னொரு காலத்தில், வானத்தில் இரண்டு நிலவுகள் காய்ந்த நாளில், ஆழிமங்கலம் என்ற நாட்டை இடிமுரசன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான். ஆனால் காலையில் ஒரு புத்தி, மாலையில் ஒரு புத்தி. யாரும் தனக்கு முதுகு காட்டக் கூடாது என்பது அவன் போட்ட சட்டம். அவையை விட்டுப் போகிறவர்கள் அவனைப் பார்த்தபடி பின்பக்கமாகவே நடந்து போவார்கள். தூணில் இடிப்பார்கள், ஒருவர் காலை ஒருவர் மிதிப்பார்கள். பட்டத்து யானைக்குக்கூடப் பின்நடை பழக்கி வைத்திருந்தார்கள், பாவம்.

அந்த ஊர்க் கடற்கரையில் கற்காவலன் நின்றான். பனைமரத்தைவிட உயரமான கருங்கல் சிலை. கையில் ஈட்டி, முகம் கடலைப் பார்த்து, முதுகு அரண்மனையைப் பார்த்து. தேசதேசமாக ஜனங்கள் வந்து வாயைப் பிளந்து பார்த்துவிட்டுப் போவார்கள். மழைக்காலத்து இடிச்சத்தம் கேட்டால் கடலடியிலிருந்து ஒரு பூதம் எழும்பும். கற்காவலன் கண்ணைப் பார்த்ததும் நடுங்கிப்போய் மறுபடி முங்கிவிடும். அந்தக் கண் இருக்கும் தைரியத்தில்தான் கரையோரத் தெருக்களில் ஜனங்கள் குடியிருந்தார்கள். அமைச்சர் மருதங்கோவின் ஒரே மகள் செவ்வல்லியும் அங்கேதான் இருந்தாள், நிறைமாதக் கர்ப்பிணியாக.

அவைப்புலவர் தேன்வாயருக்கு இந்த மருதங்கோவைக் கண்டாலே ஆகாது. ஒருநாள் பின்நடையில் கால் தடுக்கிப் புலவர் மல்லாக்க விழுந்தபோது அமைச்சர் சிரித்துத் தொலைத்துவிட்டார். அந்தச் சிரிப்பைப் புலவர் மறக்கவில்லை. சமயம் பார்த்து ராஜாவிடம் குழைந்தார்.

"அரசே, ஊரே தங்களுக்கு முகம் காட்டுகிறது. ஒருவன் மட்டும் பரம்பரை பரம்பரையாக முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறான். சொல்லவே நா கூசுகிறது."

"யார் அந்தத் திமிர் பிடித்தவன்?"

"கற்காவலன், அரசே. அவனைத் திருப்பும் வேலைக்கு அமைச்சரைவிடத் தகுந்தவர் யார்?"

ராஜாவின் முகம் சிவந்துவிட்டது. "திருப்புங்கள் அவனை! என் முகத்தைப் பார்த்து நிற்கட்டும். மருதங்கோ, இது உம் பொறுப்பு. இந்த ஆணைக்கு எதிராக யார் பேசினாலும், அவன் எவனாக இருந்தாலும், நாக்கை அறுத்துவிடுவேன்!"

மருதங்கோ அவையை விட்டு வெளியே வந்தார். நேரே மகள் வீட்டுக்குப் போனார். செவ்வல்லி வாசலிலேயே பிடித்துக்கொண்டாள்.

"அப்பா, கடல் கறுத்துக் கிடக்கு. வலைக்காரங்க யாரும் உள்ளே போகலை. சிலையைத் திருப்பப் போறாங்களாமே, நீங்க ஒண்ணும் சொல்லலையா?"

"சொன்னா அப்பாவுக்கு நாக்கு இருக்காதும்மா."

"நாக்கு இருந்தும் சொல்லலைன்னா, அது எதுக்குப்பா?"

அவரால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. அதற்கப்புறம் சோறு இறங்கவில்லை, கண் மூடவில்லை. எந்தப் பக்கம் யோசித்தாலும் அந்தக் கறுத்த கடலே வந்து நின்றது.

குறித்த நாளும் வந்தது. சிலையின் இடுப்பில் வடம் கட்டி யானைகளைப் பூட்டியாயிற்று. ராஜா காலைச் சாப்பாட்டை முடித்து முரசறைந்தால் யானைகள் இழுக்க வேண்டியதுதான். வானம் வேறு இருட்டிக்கொண்டு வந்தது. ராஜா அவையிலேயே இலை போட்டு இடியாப்பத்தில் கை வைத்த நேரம், மருதங்கோ முன்னால் வந்து நின்றார். 

"அரசே, முதுகு காட்டுகிறவர்களை ஓரிடம் விடாமல் திருப்பிவிடலாமா?"

"ஓரிடம் விடாமல்!" என்றான் ராஜா, வாய் நிறைய.

மருதங்கோ வாசல்பக்கம் பார்த்துக் குரல் கொடுத்தார். "காவலர்களே! எல்லோரும் திரும்புங்கள்!"

வாசலிலும் சன்னலிலும் வெளியே பார்த்து நிற்கிற காவலர்களைத் தூணோடு தூணாக நினைத்து அதுவரை யாரும் கவனித்ததே இல்லை. அத்தனை பேரும் சட்டென்று உள்ளே திரும்பினார்கள். காவலில் நிற்பவன் ஈட்டியை முன்னால் நீட்டியே பிடிக்க வேண்டும் என்பதும் ராஜா போட்ட சட்டம்தான். அத்தனை ஈட்டி முனைகளும் இப்போது ராஜாவின் இலைக்கு நேராக நீண்டன.

"என்ன ஐயா இது?" ராஜாவுக்குக் கவளம் தொண்டையில் நின்றது.

"தங்களுக்கு முகம் காட்டுகிறார்கள், அரசே."

காவலற்ற வாசல் வழியாக ஒரு கிடா நிதானமாக உள்ளே வந்தது. தேன்வாயரின் கழுத்து மாலையைத் தின்றது. அது போதாமல் அவர் சால்வையைக் கடித்து இழுத்தது.

"பிடியுங்கள்! பிடியுங்கள்!" என்று புலவர் அலறினார்.

"எப்படிப் பிடிக்கிறது சாமி? வெளியே விரட்டத் திரும்பினா மகாராஜாவுக்கு எங்க முதுகு தெரியுமே" என்றான் ஒரு காவலன்.

அப்போது தூரத்தில் இடி உருண்டது. மருதங்கோவுக்கு உயிரே போய்விட்டது. செவ்வல்லி இப்போது எங்கே இருப்பாள்? கிடா அதற்குள் சிம்மாசனத்துப் பட்டில் வாய் வைத்தது. ராஜா துள்ளி எழுந்தான்.

"மடையர்களா! காவல் காக்கிறவன் எனக்கு முதுகைத்தான் காட்ட வேண்டும்! முகத்தைப் பகை வருகிற பக்கம் வைக்க வேண்டும்! இதுகூடத் தெரியாதா? அந்தக் கற்காவலனே அப்படித்தானே..."

பேச்சு அறுந்தது. 

"அரசே," மருதங்கோ ஓரடி முன்னால் வந்தார். "ஆணைக்கு எதிராக யாரோ பேசியதுபோல என் காதில் விழுந்தது. அது யார் நாக்கு என்று விசாரிக்கலாமா?"

 ராஜா அவரையே முறைத்தான். ஈட்டிகளைப் பார்த்தான், கிடாவைப் பார்த்தான். மெல்லக் கையால் வாயைப் பொத்திக்கொண்டான். பொத்திய கைக்குள்ளிருந்து சிரிப்பு வெடித்தது.

"ஆணை ரத்து! ஓடுங்கள், வடத்தை அவிழுங்கள்!"

மறுபடி இடித்தது. சன்னல் வழியே எல்லோரும் பார்த்தார்கள். கடல் புடைத்தது, கரிய தலையொன்று மேலே வந்தது. கற்காவலனின் முகத்தைக் கண்டது. வந்த வேகத்திலேயே முங்கிப் போய்விட்டது.

ராஜா மூச்சு விட்டான். "தேன்வாயரே, மழைக்காலம் முழுவதும் நீர் கற்காவலன் காலடியில், எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு காவல் நில்லும். பூதம் வந்தால் அதைப் புகழ்ந்து பாடும். மருதங்கோ, இன்று முதல் நீர் ஒருவர் எனக்கு முதுகு காட்டிப் போகலாம். இதைவிடப் பெரிய பரிசு என்னிடம் இல்லை. போம், மகளைப் பாரும்."

மருதங்கோ கும்பிட்டார். பழக்கதோஷத்தில் வாசல்வரை பின்பக்கமாகவே நடந்தார். அங்கே போனதும் நினைவு வந்து திரும்பினார், கடற்கரைப் பக்கம் ஒரே ஓட்டமாக ஓடினார்.

அந்த அவையில் ராஜா ஒரு மனிதனின் முதுகைக் கவனித்துப் பார்த்தது அதுதான் முதல் தடவை. மேலாடை முழுக்கப் பயத்து வியர்வையில் நனைந்து முதுகோடு ஒட்டிக் கிடந்தது.

"இத்தனை நாளும் எல்லோர் முதுகும் இப்படித்தான் இருந்ததா?" என்று ராஜா கேட்டான்.