மத்தியானப் பேய் சடச்சி

ஒரு ஊர்ல ஒரு... ஏலே, மொதல்ல காலை என் வயித்து மேல இருந்து எடு. உங்கப்பனும் இப்படித்தான், கதை கேக்க வந்தா மிதிச்சே கொன்னுருவான். ஆங், இப்பச் சொல்லுதேன். ஒரு ஊர்ல ஒரு பேய் இருந்துச்சு.

பயப்படாத. அந்த ஊர்லயே யாரும் பயப்படலை. அதுதான் அந்தப் பேய்க்குக் கஷ்டமே. 'ம்' கொட்டு. கொட்டலைன்னா நான் பாட்டுக்குத் திரும்பிப் படுத்துருவேன்.

பேய் பேரு சடச்சி. ஊருக்கு வெளிய, ரோட்டுத் திருப்பத்துல ஒரு பெரிய புளியமரம் நிக்கும். அதுலதான் அவ குடித்தனம். எந்தக் கிளையில காத்து வரும், எந்தப் பொந்துல அணில் குட்டி போட்டிருக்கு, எல்லாம் அத்துப்படி. அந்த மரத்து மேல அவளுக்கு அப்படி ஒரு உசுரு.

இந்த ராத்திரிப் பேயி எல்லாம் சீனியரு. சுடுகாடு, பாழுங்கெணறு, நல்ல நல்ல இடமா அவங்க எடுத்துக்கிடுவாங்க. புதுசாச் சேந்த பேய்க்கு மத்தியான டூட்டிதான். உச்சி வெயில்ல புளியமரத்தடிக்குப் போகாதன்னு உன்கிட்டச் சொல்லுவோம்லா? அது இந்த மாதிரி ஜூனியர் பேய்க்காகத்தான். பாவம், வெயில்ல நின்னு நின்னு கறுத்துப் போச்சு. ம்?

அப்புறம், பேய்களுக்கு ஒரு பள்ளிக்கூடம். இடிஞ்ச மண்டபத்துல நடக்கும். வாத்தியார் பேரு உக்கிரபாண்டி. ரொம்பப் பழைய பேயி. பல்லு பூரா கொட்டிப்போச்சு, ஆனா பெரம்பு மட்டும் கையை விட்டுப் போகலை. பிள்ளைங்க எல்லாம் வரிசையாத் தலைகீழாத் தொங்கணும். வாத்தியார் கேப்பாரு.

"சேலை?"

"வெள்ளை!"

"தலைமுடி?"

"விரிச்சது!"

"கொலுசு?"

"சல்! சல்! சல்!"

"அப்புறம் என்ன கேக்கணும்?"

"வெத்தலைக்குச் சுண்ணாம்பு இருக்காஆஆஆ!"

அம்புட்டுதான் படிப்பு. வருஷம் பூரா இதுதான், மறு வருஷமும் இதுதான். சடச்சி ஒரு நாள் எந்திரிச்சு, இல்ல, தொங்கினபடிக்கே கேட்டா. "சார், எப்பப் பாத்தாலும் சுண்ணாம்புதான் கேக்கணுமா? வேற ஏதாவது கேட்டா என்ன?"

"முந்நூறு வருஷமாச் சுண்ணாம்புதான் கேக்கோம். நீ என்ன புதுசா?"

"இல்ல சார், இப்ப யாரு வெத்தலை போடுதா? சுண்ணாம்புன்னா வீட்டுக்கு வெள்ளையடிக்கதுன்னுல்லா நெனைப்பாங்க."

"பதில் பேசாத! இதெல்லாம் பரீட்சைக்கு வராது!"

பரீட்சைக்கு வராதுன்னா பேய்க்கும் வாயை மூடிக்கிடணும் போல. சடச்சி மூடத்தான் பாத்தா. ஆனா அவ வாயி தானாத் திறந்துட்டு. ஆ...ஆ...ஆவ்வ்வ்! பெரிய கொட்டாவி. பக்கத்துப் பேயி ஆவ்வ். அதுக்குப் பக்கத்துப் பேயி ஆவ்வ். கடைசி வரிசை வரைக்கும் ஆவ் ஆவ்னு போயிட்டு. உக்கிரபாண்டிக்கு வந்துச்சு பாரு கோவம்! சடச்சியைப் பிடிச்சு நேரா நிக்க வச்சுட்டாரு. பேய்க்கு நேரா நிக்கதுதான் பெரிய தண்டனை, ரத்தமெல்லாம் காலுக்கு எறங்கிரும். பேய்க்கு ஏது ரத்தம்னு கேக்காத. கதை நடுவுல கேள்வி கேட்டா எனக்குக் கெட்ட கோவம் வரும்.

அப்போ, அந்த ஊர்ல ஒரு பஞ்சாயத்துத் தலைவர் இருந்தாரு. கோமதிநாயகம்னு பேரு. அவருக்குப் பிடிச்ச விஷயம் ரெண்டு. ஒண்ணு, மைக்கு. இன்னொண்ணு, அவர் மூஞ்சி. அந்த மூஞ்சியை யானை கணக்காப் பெருசா அடிச்சு, கூலிங் கிளாஸ் போட்டு, கும்பிடுத மாதிரி ஒரு பிளெக்ஸ் போர்டு. அதைக் கொண்டாந்து ரோட்டுத் திருப்பத்துல நட்டாரு. நட்டுட்டுத் தள்ளி நின்னு பாத்தா, புளியமரம் மறைக்கு! ஒரு பக்கத்து மீசை மட்டும் வெளிய தெரியுது.

"மரத்தை வெட்டுங்கலே!"ன்னாரு.

ஊர்க்காரங்க, "ஐயா, அது பேய் மரம்லா"ன்னாங்க.

"பேயா? யாரு பாத்தா? பயந்து ஒருத்தனாவது காய்ச்சல்ல படுத்திருக்கானாவே?"

எல்லாரும் தலையைச் சொறிஞ்சாங்க. யோசிச்சுப் பாத்தா ஒருத்தரும் படுக்கலை.

"அப்பப் பேயும் இல்ல, ஒண்ணும் இல்ல. வெள்ளிக்கிழமை மத்தியானம் நான் பேசுதேன். பேசி முடிச்ச ஒடனே வெட்டு!"

சடச்சி மேல இருந்து கேட்டுக்கிட்டே இருந்தா. ஓடிப்போய் வாத்தியார்கிட்டச் சொன்னா. அவரு என்ன சொன்னாரு தெரியுமா? "பாடத்துல உள்ளபடி ஒருத்தனையாவது அலற வையி. அலறுனாத்தான் மரம் நிக்கும். மரம் போச்சுன்னா ஒன்னை பஸ் ஸ்டாண்டு கக்கூஸுக்கு மாத்திருவேன்."

சிரிக்காதலே. நீ ஒரு நாள் அதுக்குள்ள போயிட்டு வா, அப்பத் தெரியும் அந்தப் பேயோட கஷ்டம்.

சரி, புதன்கிழமை உச்சிவேளை. க்ரீங் க்ரீங்! ஐஸ் விக்கிற சொரிமுத்து சைக்கிள்ல வாரான். சடச்சி முடியை விரிச்சா, சேலையை ஒதறுனா, பொத்துன்னு முன்னாடி குதிச்சா. சல்! சல்! சல்! "சுண்ணாம்பு இருக்காஆஆ!"

சொரிமுத்து பிரேக் போட்டான். நெத்தி வேர்வையைத் தொடைச்சான். "சுண்ணாம்பு இல்லக்கா. சேமியா ஐஸ் இருக்கு, பால் ஐஸ் இருக்கு. எது வேணும்?"

சடச்சி முழிக்கா. இந்தக் கேள்விக்கு என்ன சொல்லணும்னு பாடத்துல இல்லையே! "சே... சேமியா"ன்னுட்டா. அவனும் ஒண்ணைக் கையில குடுத்துட்டு, "வெயில்ல நிக்காதக்கா, மயக்கம் வரும்"னு சொல்லிட்டுப் போயிட்டான். க்ரீங் க்ரீங். பேயி அங்கனயே நின்னு ஐஸை உறிஞ்சுது. சர்ர்ர். ம்?

வியாழக்கிழமை வந்துட்டு. அன்னைக்கு ஆட்டுக்கார மாடத்தி வந்தா. மே, மேன்னு ஆடுங்க பின்னால வருது. மாடத்தியைப் பத்திச் சொல்லணும்னா, அவ புருஷனே அவளைக் கண்டா நாலு அடி தள்ளித்தான் நிப்பான். சடச்சிக்குத் தெரியுமா அது? பொத்து! சல்! சல்! "சுண்ணாம்பு இரு..."

"ஏட்டி! இது என்ன தலையா, குருவிக்கூடா?"ன்னா மாடத்தி. "சீப்புன்னு ஒண்ணு இருக்குது, தெரியுமா ஒனக்கு? உக்காரு இங்கன!"

"நான் பேயி..."

"எந்தப் பேயா இருந்தா எனக்கென்ன! உக்காருட்டின்னா!"

சடச்சியைப் பிடிச்சு இழுத்துக் கால் இடுக்குல உக்கார வச்சுட்டா. மடியில இருந்து எண்ணெயை எடுத்து, சளக் சளக்னு தேச்சு, வரட்டு வரட்டுன்னு சிக்கு எடுத்து, பேனு வேற பாத்து, டொக் டொக்னு நசுக்கி, கடைசில நெத்தி இழுபட ஒரு சடை போட்டு விட்டா பாரு, அந்தச் சடை கம்பி மாதிரி நிக்குது. "இப்பத்தான் பொண்ணு மாதிரி இருக்க"ன்னு கன்னத்தைக் கிள்ளிட்டு, அந்த மரத்தடியிலயே துண்டை விரிச்சு உக்காந்துட்டா.

சடச்சி மரத்துல ஏறிப்போய் உச்சிக் கிளையில உக்காந்து அழுதா. நெசமாவே அழுதா, தேம்பித் தேம்பி. நாளைக்கு மரம் போயிரும். அணில் குட்டிக்கு இன்னும் கண்ணே திறக்கலை, அது எங்க போகும்? சடையை அவுக்கப் பாத்தா, அதுவும் வரலை. வாத்தியார் சொன்னதை ஒண்ணு விடாமச் செஞ்சோமே, ஏன் ஒண்ணும் நடக்கலைன்னு அழுதா.

அழுதா அசதி வரும்லா? நீ அழுதுட்டுத் தூங்கிப் போகலியா? அதே மாதிரி அவளுக்கும் ஒரு கொட்டாவி வந்துச்சு. ஆ...ஆ...ஆவ்வ்வ்!

கீழ மாடத்தி, ஆவ்வ்வ். அப்புறம் கெடாய், ஆவ்வ். குட்டி ஆடு, ஆவ். கொஞ்ச நேரத்துல மாடத்தி துண்டுல சாஞ்சு, கொர்ர்ர்.

சடச்சி அழுகையை நிப்பாட்டிட்டா. கீழ பாக்கா. யாருக்கும் பயப்படாத மாடத்தி! கொலுசுக்கு அசையலை, முடிக்கு அசையலை, ஒரு கொட்டாவிக்கு விழுந்துட்டா! இன்னொண்ணு விட்டுப் பாத்தா. ரோட்டுல போன நாயி ஆவ்னுட்டு அப்படியே படுத்துட்டு. சடச்சிக்குச் சிரிப்பு வந்துட்டு. சாயங்காலம் வரைக்கும் ஒக்காந்து பழகுனா. இழுத்து விடுத கொட்டாவி, அடக்கி விடுத கொட்டாவி, முடிஞ்சுட்டுன்னு நெனைக்கும்போது மறுபடி கெளம்புத கொட்டாவி. எந்த வாத்தியாரும் சொல்லிக் குடுக்கலை. ம் கொட்டு, ம். குரல் எறங்கிட்டே போவுது ஒனக்கு.

வெள்ளிக்கிழமை. ஊரே கூடிட்டு. ஒருத்தன் கையில ரம்பம், ஒருத்தன் கையில கோடாலி. வெயில் தாங்காம எல்லாரும் எங்க உக்காந்தாங்க? அந்த மரத்து நெழல்லதான். வெட்ட வந்த மரத்து நெழல்லயே உக்காந்தா எப்படி இருக்கும் பாரு, வெக்கங்கெட்டவங்க.

உக்கிரபாண்டி வாத்தியாரும் வந்து ஒரு கிளையில தொங்குனாரு. "சடச்சி! முடியை விரி! என்ன இது, சடை போட்டிருக்க? கொலுசை ஆட்டு!"

சடச்சி கொலுசைக் கழத்திப் பொந்துல வச்சா. அணில் குட்டியைத் தள்ளிப் படுக்க வச்சா. மெதுவா எறங்கி, தலைவர் தலைக்கு மேல உள்ள கிளையில, மைக்குக்குப் பக்கத்துல வந்து உக்காந்தா.

"அலோ, அலோ, மைக் டெஸ்டிங். எனது உயிரினும் மேலான பெருமக்களே..."

ஆ...ஆ...ஆவ்வ்வ்!

மைக்குல கேட்டுட்டு! குழாய் ஸ்பீக்கர் அத்தனையும் ஆவ்வ்வ்னுது. மொத வரிசை ஆவ்வ். ரெண்டாம் வரிசை ஆவ்வ். ரம்பக்காரன் ஆவ்னான், ரம்பம் டங்குன்னு கீழ விழுந்துச்சு. கோடாலிக்காரன் கோடாலியைத் தலைக்கு வச்சுப் படுத்துட்டான். கொர்ர். கொர்ர்ர். ஊரே கொர்ர்ர்ர்.

தலைவர் சும்மா இருப்பாரா? "பெருமக்களே, எந்திரிங்க! நான் என்ன சொல்ல வாரேன்னா... ஆஆவ்வ்!" திரும்பவும், "இந்த மரத்தை நாம... ஆஆஆவ்வ்!" வாயைத் திறந்தா பேச்சு வரலை, கொட்டாவிதான் வருது. ரெண்டு கையாலயும் வாயைப் பொத்துனாரு. மூக்கு வழியா வந்துச்சு, ஙாஆவ்!

மனுஷனுக்கு வேர்த்துட்டு. தேர்தல்ல தோத்தாக்கூடத் தாங்கிருவாரு. மைக்கு முன்னாடி பேச்சு வரலைன்னா? கேக்க ஒரு ஆளு முழிச்சு இல்லைன்னா? அதை விடப் பெரிய பயம் அந்த ஆளுக்கு உலகத்துல கெடையாது. "ஐயோ, பேயி! பேயி! என் வாயைப் பேயி புடிச்சிட்டு!"ன்னு அலறுனாரு பாரு! வேட்டி ஒரு பக்கம், செருப்பு ஒரு பக்கம், கோடு போட்ட அண்டர்வேரோட தபதபதபன்னு ஓடுனவருதான். மறுநாளே ஆளை அனுப்பி போர்டைப் பிடுங்கிட்டுப் போயிட்டாரு. மரத்தைப் பத்தி அதுக்கப்புறம் மூச்சு விடலை. ஊர்க்காரங்க சும்மாவா இருந்தாங்க? நல்லாத் தூக்கம் வருதேன்னு தெனமும் மத்தியானம் துண்டைத் தூக்கிட்டு அங்கன வந்துருதாங்க.

ஆனா வாத்தியார்? "இது பாடத்துலயே இல்ல! இதை நான் ஒத்துக்கிட மாட்... ஆஆவ்வ்!" பொத்து! கிளையில இருந்து கீழ விழுந்தாரு.

முடிஞ்சுட்டுன்னு நெனைச்சியா? கேளு. அடுத்த வருஷம் உக்கிரபாண்டி கொட்டாவியைப் பாடமாவே வச்சுட்டாரு. "சேலை?" "வெள்ளை!" "வாயி?" "நாலு விரல் அகலம்!" "சத்தம்?" "ஆவ்!" எல்லாப் பேயும் ஒரே அளவுக் கொட்டாவி. அதுக்குப் பரீட்சை வேற. அதுல ஒரே ஒரு ஆளுதான் பெயிலு. யாரு?

சடச்சி!

"ஒன் கொட்டாவி புஸ்தகத்துல உள்ள மாதிரி இல்ல"ன்னு சொல்லி நேரா நிக்க வச்சுட்டாரு. அவ கவலைப்படுதாளா? மரம் நிக்குது, அணில் குட்டி பெருசாகி ஓடுது, அவளுக்கு என்ன! நேரா நின்னபடிக்கே, அடுத்து என்ன செய்யலாம்னு மேல பாத்து யோசிச்சுக்கிட்டு இருக்கா.

என்னலே, வாயை இம்புட்டுப் பெருசாத் திறக்க? புஸ்தகத்துல நாலு விரல் அகலம்தான். ஒன்னோடது ஆறு இருக்கும். நீயும் பெயிலுதான் போ.

ஆ...ஆவ்வ்வ். போச்சு, எனக்கும் வந்துட்டு. சடச்சி வந்துட்டா. காலை மட்டும் எடு... சரி, கெடக்கட்டும். கதை புளியமரத்துல ஏறிட்டு, நீ தூக்கத்துல எறங்கு.