பதினொரு ஒட்டுப் போட்ட வேட்டி

பெயர் சொல்ல மாட்டேன். உனக்கே தெரியும். போன தேர்தலில் எங்கள் சந்தைக்குள் மூட்டை தூக்குகிறவரின் துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு வந்தவன் நீதான். "நானும் உங்களில் ஒருத்தன், சந்தைச் சாக்கடை அடைப்பை நான் எடுப்பேன்" என்றாய். அந்தத் துண்டைப் பார்த்து நானும் கை தட்டினேன். அதை நினைத்தால்தான் வயிறு எரிகிறது. உனக்கு ஒரு கதை சொல்கிறேன், உட்கார்ந்து கேள்.

ஒரு காலத்திலே மருதங்காடு என்ற நாட்டைச் சிங்காரவர்மன் ஆண்டான். படகு விளையாட்டுக்குத் தண்ணீர் குறையக் கூடாதென்று ஏரி மடையை அடைத்துப் பூட்டி, சாவியை இடுப்பில் செருகிக்கொண்டான். கதிர் விடுகிற பயிர் வாடியது. குடியானவர்கள் கொதித்தார்கள்.

அரண்மனை உடைகளுக்கு அதிகாரி வில்லவராயர். அரசனுக்கு வேறு யாரும் யோசனை சொன்னால் அவருக்குப் பொறுக்காது. "மடையைத் திறப்பானேன், பிரபு? ஒட்டுப் போட்ட வேட்டி கட்டிப் போங்கள். உருகிவிடுவார்கள்" என்றார்.

அரசனும் அப்படியே கட்டிப் போனான். குடியானவர்கள் உருகித்தான் போனார்கள். "ராஜாவே கந்தையில் நிற்கிறார், நாம் என்ன கேட்பது?" என்று திரும்பினார்கள்.

வேட்டி வெளுக்க வந்தது மாசிலாயியிடம். அவளுக்கும் ஏரிக்குக் கீழே அரைக்காணி நிலம், காய்ந்துகொண்டிருந்தது. உழைக்கிறவர் துணி எங்கே நையும் என்று அவள் கைக்குத் தெரியாதா? முழங்காலில் நையும், உட்காருகிற இடத்தில் நையும். இதில் ஒட்டெல்லாம் கோலம் போட்ட மாதிரி வரிசையாக இருந்தது.

மறுநாள் குடியானவர்கள் நிறைந்த சபைக்கு வேட்டியோடு வந்தாள்.

"சாமி, ஒட்டுக்கு அடியில் கிழிசல் பெருத்திடும். ஒட்டைப் பிரிச்சு, கிழிசலை இழையோட்டித் தரட்டுமா?"

"தேவையில்லை!" என்று துள்ளினார் வில்லவராயர்.

"ஏனய்யா? நம்ம ராஜா வேட்டி கிழியலாமா?" என்றது கூட்டம். அரசனால் மறுக்க முடியவில்லை.

மாசிலாயி ஒரு ஒட்டைப் பிரித்தாள். அடியில் புதுத் துணி. அடுத்ததிலும் அப்படியே. பதினொன்றையும் பிரித்து உதறினாள். ஒரு பொத்தல் இல்லை.

"இவள் வெளுத்த வெளுப்பில் கிழிசலெல்லாம் தானே மூடிக்கொண்டது, பிரபு!" என்றார் வில்லவராயர்.

"துணி வெளுக்கிற என் உவர்மண்ணுக்கு அந்தச் சக்தி இருந்தா, காய்ஞ்ச பயிரையும் அலசிப் பச்சையாக்கி இருப்பேனே, அதிகாரி ஐயா!"

சபை சிரித்தது. அரசன் தலை குனிந்தான். பிறகு, "என்னைத் தோலுரித்தாய், அம்மா. பரிசு கேள்" என்றான்.

"பரிசு கிடக்கட்டும். சாவி எங்கே?"

இடுப்பிலிருந்து எடுத்து அவள் கையில் வைத்தான். வில்லவராயரைப் பார்த்தான். "இந்த வேட்டியை நீரே கட்டும். ஒட்டுப் போட்டிருந்த பதினொரு இடமும் நிஜமாகக் கிழிகிறவரை வாய்க்காலில் தூர் வாரும்."

அன்றைக்கே மடை திறந்தது.

கேட்டாயா? எங்கள் சாக்கடை இன்னும் அடைத்தே கிடக்கிறது. தக்காளிக் கூடைகள் கறுப்புத் தண்ணீரில் நிற்கின்றன. நீ பட்டு கட்டி வா, கோட்டுப் போட்டு வா, எனக்கு ஒன்றுமில்லை. சொன்ன சொல்லுக்கு மண்வெட்டியோடு வந்து அந்த அடைப்பை எடு!