உள்ளங்கைச் சொட்டு

நெருப்புக்கும் பறவைக்கும் மனிதரோடு பேச்சுவார்த்தை இருந்த அந்தக் காலத்தில், மலையடிவாரத்தில் வேட்டையாடியும் தினை விதைத்தும் பிழைத்த ஒரு கூட்டம் இருந்தது. கோடை வந்து ஓடை வற்றினால் எல்லோரும் குழந்தை குட்டியோடு மேல்மலைக்கு ஏறிவிடுவார்கள். நான்கு நாள் ஏற்றம். அந்தக் கூட்டத்தில் நொச்சி என்று ஒருத்தி இருந்தாள். அவள் கணவன் பெயர் பிடவன்.

ஏற்றத்துக்குச் சில நாள் முன்னால் பிடவன் ஒரு மிளாவைத் துரத்திப் போனான். மிளா என்பது ஆள் உயரத்துக்கு நிற்கும் மான். மடக்கிய இடத்தில் அது பின்னங்காலால் ஓர் உதை விட்டது. பிடவனின் தாடை முறிந்து போயிற்று. பச்சிலை வைத்து, மரநாரால் தாடையைத் தலையோடு சேர்த்துக் கட்டினார்கள். உயிருக்கு ஒன்றும் இல்லை. ஆனால் எதையும் மெல்ல முடியாது. தினைக்கஞ்சி மட்டும் பல்லிடுக்கு வழியாக உள்ளே இறங்கியது. கஞ்சித் தண்ணீரில் கிடக்கிற உடம்பு நான்கு நாள் மலை ஏறுமா?

அந்தக் கூட்டத்தில் ஒரு வழக்கம் இருந்தது. ஏற்றத்துக்கு முன்னால் மூன்று வேட்டை நடக்கும். ஒவ்வொன்றிலும் ஆளுக்கு ஒரு பங்கு, நெருப்பில் சுட்ட இறைச்சி. அந்த மூன்று பங்குகளில் ஒன்றையாவது பொழுது சாய்வதற்குள் தின்று முடித்தவர்தான் மலை ஏறலாம். முடியாதவர் அடிவாரத்துக் குகையில் தங்கிவிட வேண்டும். கேட்கக் கொடுமையாகத்தான் இருக்கிறது. முன்பு ஒரு கோடையில், நடக்கத் தெம்பில்லாத ஒருவரை இரண்டு பேர் சுமந்து ஏறினார்கள். மூன்று பேருமே பள்ளத்தில் விழுந்தார்கள். அதற்குப் பிறகு வந்த வழக்கம் அது. ஆனால் மழைக்காலத்தில் இறங்கி வந்து பார்க்கும்போது, குகையில் தங்கியவர் யாரும் உயிரோடு இருந்ததில்லை.

முதல் வேட்டையின் பங்கை நொச்சி பாறைக் குழியில் போட்டு இடித்தாள். தூள் தூளாக இடித்து ஊட்டினாள். அது காய்ந்த மண்ணைப் போலத் தொண்டையில் அடைத்து, அவன் கண் பிதுங்கிவிட்டது. இரண்டாம் வேட்டையின் பங்கை இடித்துத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்தாள். இரண்டு மடக்கு இறங்கியது. பிறகு அத்தனையையும் வயிறு வெளியே தள்ளிவிட்டது.

"விட்டுடு புள்ள," என்றான் பிடவன், கட்டிய வாயைத் திறக்காமலே. "நீ ஏறு. நான் குகையில ராசா மாதிரி கெடக்கேன்."

"ராசாவுக்குக் கஞ்சி யாரு காச்சுவா?"

"கரடி காச்சும்."

"கரடி உன்னத்தான் காச்சும். பேசாம படு."

கூட்டத்தின் தலைவர் மூப்பர், பிடவனுக்குப் பெரியப்பா முறை. அவர் பிடவனைப் பார்க்க வந்தார். "இன்னும் ஒரு வேட்டைதான் இருக்கு மருமகளே," என்றார். அதைச் சொல்ல அவருக்கும் பிடிக்கவில்லை.

"தெரியும் மாமா. அதுக்குள்ள ஒரு வழி பண்ணிடுவேன்," என்றாள் நொச்சி. என்ன வழி என்று அவளுக்கே தெரியாது.

மூன்றாம் வேட்டையில் ஒரு காட்டுப்பன்றி விழுந்தது. நல்ல கொழுத்த பன்றி. உச்சிப் பொழுதில் அதைக் கம்பில் கோத்து நெருப்பின் மேல் ஏற்றினார்கள். நொச்சி எதிரே உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பக்கத்துப் பாறையில் ஒரு மைனா வந்து உட்கார்ந்தது.

"என்னக்கா, பன்னிய இப்படி மொறச்சுப் பாக்குற? அது செத்துப் போச்சு," என்றது மைனா.

"சொட்டுறதப் பாக்குறேன்."

பன்றியிலிருந்து கொழுப்பு சொட்டுச் சொட்டாக விழுந்தது. ஒவ்வொரு சொட்டுக்கும் நெருப்பு 'சுர்' என்று எழும்பியது. அந்த நேரத்தில்தான் வாசனை வந்தது. அந்த நேரத்தில்தான் சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் எச்சில் விழுங்கினார்கள். தான் இடித்த இறைச்சி ஏன் மண்ணாக இருந்தது என்று நொச்சிக்கு அப்போது புரிந்தது. ருசியும் ஈரமும் அங்கே கீழே போய்க்கொண்டிருந்தன.

"அதுல கண்ணு வைக்காத. அது நெருப்போட பங்கு," என்றது மைனா.

"என் வீட்டுக்காரருக்கு மெல்ல முடியல. நான் வேற எதுல கண்ணு வைக்க?"

"எனக்கும்தான் பல்லு இல்ல. நான் என்ன பட்டினியா கெடக்கேன்? வழுக்கிட்டுப் போச்சுன்னா எதுவும் எறங்கும்."

நொச்சி எழுந்தாள். வழுக்கிக்கொண்டு இறங்க வேண்டும், இறங்கியது வயிற்றில் தங்கவும் வேண்டும். குமட்டலுக்கு இஞ்சி கொடுப்பார்கள். சளிக்கு மிளகு, புண்ணுக்கு மஞ்சள். மூன்றும் அவள் அறிந்த மருந்துகள்தான். சேர்த்துப் போட்டால் என்ன? மிளகும் மஞ்சளும் கொண்டுவரும்படி மைனாவிடம் கேட்டாள்.

"எனக்கு என்ன கெடைக்கும்?"

"சிந்துறதெல்லாம் உனக்கு."

மைனா போயிற்று. மிளகைக் கொத்துக் கொத்தாக உதிர்த்துக் கொண்டுவந்தது. மஞ்சள் கிழங்கை அலகால் தோண்டி, காலால் பற்றி இழுத்துவந்தது. அலகிலும் காலிலும் கண்ணைச் சுற்றியும் அப்பிய மஞ்சளை ஓடையில் கழுவிக் கழுவிப் பார்த்தது. இன்றைக்கும் போகவில்லை. நொச்சி தானே போய் இஞ்சியைப் பிடுங்கினாள். ஓடைக்கரையில் கறிவேப்பிலை மணம் வீசியது. அதிலும் இரண்டு கொத்து ஒடித்துக்கொண்டாள்.

திரும்பி வந்து, ஒரு மண்சட்டியைப் பன்றிக்குக் கீழே மெல்லத் தள்ளினாள். நெருப்பு நாக்கை நீட்டிச் சட்டியை ஒரு தட்டுத் தட்டியது. சட்டி இரண்டாகப் பிளந்தது.

"யாரு அது, நான் சாப்பிடுற எடத்துல கை வைக்கிறது?" என்றது நெருப்பு.

"நான்தான் அண்ணே. நொச்சி."

"தங்கச்சின்னா மட்டும் என்ன? கறி உங்களுக்கு, சொட்டுறது எனக்கு. நான் உங்களுக்குப் புலிய வெரட்டுறேன், குளிர வெரட்டுறேன். அதுக்கு இந்தச் சொட்டுதான் எனக்கு."

"எனக்கு அது வேணும். அது இல்லாம என் வீட்டுக்காரர் தொண்டையில கறி எறங்காது. எறங்கலன்னா அவரு குகையில கெடந்து சாவாரு."

நெருப்பு சற்றுத் தணிந்து எரிந்தது. யோசிக்கும்போது அது அப்படித்தான் எரியும். "சட்டிய வச்சுப் புடிச்சா அது திருட்டு," என்றது. "கேட்டு வாங்குறவ கைய நீட்டணும். வெறுங்கை. ஒரே ஒரு சொட்டு. ஆறுற வரைக்கும் உதறாம தாங்கு. தாங்கினா மீதிக்குச் சட்டி வச்சுக்க. உதறினா, அதோட பேச்சு முடிஞ்சுது."

மூப்பர் எழுந்து வந்தார். "வேணாம் மருமகளே. கை வெந்து போச்சுன்னா மலையில எதப் புடிச்சு ஏறுவ? ஒருத்தனுக்காக ரெண்டு பேரக் குகையில விட்டுட்டுப் போகச் சொல்றியா?"

"எடது கைதானே மாமா நீட்டப் போறேன். வலது இருக்கு."

"ஒத்தக் கையால ஏற முடியுமா?"

"ஏறித்தான் பாக்கணும்."

அந்தப் பக்கம் பிடவன் எழ முயன்று, கட்டிய வாயோடே, "ஏய், ஏய்," என்று கத்தினான். நொச்சி அவன் பக்கம் திரும்பவில்லை. திரும்பினால் கையை நீட்ட முடியாமல் போகும் என்று அவளுக்குத் தெரியும். இடது கையைக் குழித்து நெருப்பின் மேல் நீட்டினாள்.

பன்றியின் விலாவில் ஒரு சொட்டுத் திரண்டது. பருத்தது. விழுவதா வேண்டாமா என்பது போலத் தொங்கியது. பிறகு விழுந்தது.

வலி முழங்கை வரை ஏறியது. அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள். விரல்கள் தாமாகவே மடங்கப் பார்த்தன. ஒவ்வொன்றையும் மனத்தால் பிடித்து விரித்து வைத்திருந்தாள். கையை நெருப்பிலிருந்து மெல்ல இழுத்தாள். சொட்டு உள்ளங்கையில் பளபளத்தது. அப்புறம் அதன் ஓரம் மங்கியது. அப்புறம் வெள்ளை படர்ந்து உறைந்தது. சொட்டு ஆறிவிட்டது, சிந்தவும் இல்லை.

அவள் கையை வாயருகே கொண்டுபோய் அதை நக்கினாள். எல்லோரும் அவள் முகத்தையே பார்த்தார்கள்.

"உப்புப் பத்தல," என்றாள் நொச்சி.

நெருப்பு சிரித்தது. பொறி பறக்கச் சிரித்தது. பக்கத்தில் இருந்தவர்கள் பின்னால் நகர்ந்துகொண்டார்கள்.

"கை வெந்து நிக்கிறா, உப்புப் பாக்குறா பாரு. எடுத்துக்க தங்கச்சி. அண்ணன் செய்யிற சீர்னு வச்சுக்க. ஆனா ஒண்ணு. எப்போ எடுத்தாலும் மொதச் சொட்டக் கையில வாங்கணும். கேட்டு எடுக்குறியா, களவா எடுக்குறியான்னு எனக்குத் தெரியணும்."

"சரிண்ணே."

மூப்பரின் மனைவி தன் சட்டியைக் கொண்டுவந்து கொடுத்தாள். அரைச்சட்டி கொழுப்புச் சேர்ந்தது. நொச்சி அதில் கொஞ்சத்தை வேறு சட்டியில் எடுத்து வைத்துவிட்டு, மீதியை மூன்று கல்லின் மேல் வைத்து, ஒரு பிடி தினைமாவைத் தூவி, சிவக்கச் சிவக்கக் கிளறினாள். நசுக்கிய இஞ்சி, தட்டிய மிளகு, அரைத்த மஞ்சள், உருவிய கறிவேப்பிலை எல்லாம் போட்டாள். தண்ணீர் ஊற்றி, உப்புக்கல் சேர்த்தாள். சட்டி கொதித்துத் திரண்டு வந்தபோது எழுந்த வாசனை அந்த மலைக்குப் புதிது. அகப்பையால் ஒரு சொட்டை எடுத்து, புண்ணாகிய அதே உள்ளங்கையின் ஓரத்தில் விட்டு நக்கினாள். இப்போது உப்புச் சரியாக இருந்தது.

பிடவனின் பங்கு இறைச்சியைப் பாறைக் குழியில் இடித்து, அதன் மேல் சட்டியில் இருந்ததை ஊற்றி, கட்டைத் தளர்த்தி ஒரு வாய் ஊட்டினாள். அவன் விழுங்கினான். வயிறு தள்ளிவிடுமோ என்று எல்லோரும் காத்திருந்தார்கள். பிடவனும் காத்திருந்தான்.

"என்ன மச்சான்?"

"பாத்துக்கிட்டே இருக்க. ஊட்டு," என்றான்.

மூப்பர் குனிந்து பார்த்தார். "இதென்ன மருமகளே, கறியா, கஞ்சியா? எல்லாம் குழம்பிக் கெடக்கு."

"குழம்பிக் கெடந்தா குழம்புன்னு சொல்லுங்க. சுட்ட கறிதான் பங்குன்னு வழக்கம். உள்ள கெடக்குறது சுட்ட கறிதான் மாமா. வேணும்னா அண்ணன்கிட்டக் கேளுங்க."

"நான் சுட்டதுதான்," என்றது நெருப்பு.

"சரி, ஊட்டு," என்று மூப்பர் நகர்ந்து உட்கார்ந்தார். வெயில் கிழக்குப் பாறையின் மேல் ஏறியது. நொச்சி ஒவ்வொரு வாயாக ஊட்டினாள். அவசரப்படுத்தவில்லை, நிறுத்தவும் இல்லை. வெயில் பாறை உச்சியில் ஒரு கோடாக நின்ற நேரத்தில் பிடவன் குழியை விரலால் வழித்து நக்கினான். பங்கு முடிந்தது.

மூப்பர் தன் கையில் இருந்த சுட்ட இறைச்சித் துண்டை நீட்டினார். "எனக்கும் அதக் கொஞ்சம் ஊத்து," என்றார். பல் உள்ளவர்களும் வரிசையில் வந்து நின்றார்கள்.

இரண்டு நாள் கழித்துக் கூட்டம் மலை ஏறியது. அதற்குள் நொச்சி சட்டியில் எடுத்து வைத்திருந்த கொழுப்பில் இன்னும் இரண்டு முறை குழம்பு வைத்திருந்தாள். பிடவன் மெதுவாகத்தான் ஏறினான். ஆனாலும் தன் காலால் ஏறினான். செங்குத்தான இடங்களில் அவன் முன்னால் போய், நொச்சியின் துணி சுற்றிய இடது கையைத் தொடாமல், மணிக்கட்டைப் பிடித்து மேலே தூக்கிவிட்டான். நான்காம் நாள் இருவரும் மேல்மலையில் நின்றார்கள்.

அன்று முதல்தான், சுட்ட கறிக்குக் குழம்பு வைக்கிறவர் யாரானாலும், அது கொதித்து வரும்போது அகப்பையிலிருந்து ஒரு சொட்டை உள்ளங்கையில் விட்டு, சுட்டாலும் உதறாமல், நக்கி உப்புப் பார்க்கிறார்.