தலைவரின் மூக்கு

கவனமாகக் கேளுங்கள், நடுவில் எழுந்து போகிறவர்களுக்கு மறுபடி சொல்லப்படாது.

கோயில் மணியைக் கொண்டே ஊரார் பொழுதறிந்த காலத்தில், மருதவனத்துப் பெருமாள் கோயில் மடைப்பள்ளிக்கு ஆராவமுதர் தலைவராயிருந்தார். இறைவனுக்குப் படைக்குமுன் எதையும் நாவில் வைத்துப் பார்க்கலாகாது என்பது அங்கே விதி. ஆகவே ஆவியை முகர்ந்தே அவர் பதம் சொல்வார். அவர் தலையசைத்தால் பானை சன்னதிக்குப் போகும், அதற்குமேல் பேச்சில்லை.

ஓர் ஐப்பசியில் அவருக்குக் காய்ச்சல் கண்டது. காய்ச்சல் போயிற்று; போகும்போது அவருடைய மோப்பத்தையும் கொண்டுபோயிற்று. முப்பது ஆண்டுப் பெயரை எண்ணி அவர் எவரிடமும் சொல்லவில்லை.

முதலில் பொங்கல் அடிப்பிடித்தது. தலையசைத்தார். அடுத்து எள்ளுச்சோறாகிய எள்ளோரையில் எண்ணெய் சிக்கடித்தது. தலையசைத்தார். பிரசாதம் உண்ட அரசர் சொல்லியனுப்பினார்: "தேர்த் திருநாளிலும் இப்படியானால், தலைவர் குடும்பத்தோடு ஊரைவிட்டுப் போகட்டும்."

தேர்த் திருநாள் விடிந்தது. அக்காரவடிசிலுக்கு நெய்க்குடத்தைத் திறந்தார்கள். ஆராவமுதர் குனிந்து முகர்ந்தார்; வெறும் காற்றுதான் வந்தது. சுற்றி நின்ற சமையற்காரர் எழுவரும் அவர் தலையையே பார்த்தார்கள். அசைப்பது எளிது. அன்று கழுத்து இணங்கவில்லை.

"எனக்கு மணம் தெரியவில்லை," என்றார். "ஐப்பசி முதலே தெரியவில்லை. முந்தைய இரண்டு பிழைகளும் என்னுடையவை."

பொங்கல் கிண்டும் சடகோபன் தரையில் உட்கார்ந்தேவிட்டான்.

"அப்பாடா. சுவாமி தலையசைத்ததும் என் மூக்குதான் பழுதென்று மூன்று நாள் நொச்சி ஆவி பிடித்தேன்."

"நீயாவது ஆவி பிடித்தாய். நான் தும்பைச் சாறு விட்டுக்கொண்டேன்; இன்னும் எரிகிறது," என்றான் நெய் காய்ச்சும் சௌரிராசன். "குடத்தைத் தள்ளுங்கள். இந்த நெய் கெட்டு நான்கு நாளாகிறது. சுவாமியின் தலையசைப்புக்காகக் காத்து நின்றேன்."

காய்ச்சலுக்குப் பின் முதன்முறையாக ஆராவமுதர் சிரித்தார். புது நெய் வந்தது. எழுவரும் முகர்ந்தார்கள், எழுவரும் ஒத்தபின்பே அவர் தலையசைத்தார்.

அரசர் மூன்று கவளம் உண்டு, நான்காவதற்குக் கை நீட்டினார். ஆராவமுதர் அவரிடமும் உள்ளதைச் சொன்னார்.

"இப்போது மடைப்பள்ளியில் எத்தனை மூக்கு?" என்று கேட்டார் அரசர்.

"ஏழு, அரசே."

"முன்பு ஒன்றுதானே இருந்தது. நீரே தலைவராக இரும்."

ஆராவமுதரும் சும்மா இருக்கவில்லை. அடிப்பிடிக்கும் பானையின் கொதியோசை மாறுவதைச் செவியால் கற்றார். அதன்பின் அந்த மடைப்பள்ளியில் பொங்கல் தீய்ந்ததில்லை.

தன் குறையை மறைக்கும் தலைவர் உடனிருப்போரின் அறிவையும் சேர்த்தே மூடிவிடுகிறார். அதை வெளிப்படச் சொல்பவருக்கே அவர்கள் அறிவெல்லாம் துணையாகிறது.